காளானுக்கு முடிவு சொல்லக் கூடாது

சரவணம்பட்டி கால் சென்டரில் நஸ்ரியா பார்த்துவந்த வேலையைக் கணினிக் குரல் ஒன்று எடுத்துக்கொண்டதும், அவள் பெரியநாயக்கன்பாளையத்துக்குப் பக்கத்தில் காளான்களுக்குக் கதை சொல்லும் வேலையில் சேர்ந்தாள்.

பண்ணை வரதராஜுலுவுடையது. ஆனால் அவளைத் தேர்ந்தெடுத்தவர் டாக்டர் யஷ்வந்த். பீளமேட்டில் ஒரு தனியார் கல்லூரியில் கதையதிர்வியல் துறைக்குத் தலைவர். அந்தத் துறையில் வேறு யாரும் இல்லை. சுரைக்கொடிக்கும் வெள்ளாட்டுக்கும் கதை சொல்லிப் பார்த்துவிட்டுக் காளானுக்கு வந்திருந்தார். வெண்டைச் செடிக்கு நீதிக்கதை ஒத்துக்கொள்வதில்லை என்று கண்டுபிடித்தவரும் அவர்தான்.

"உயிருள்ளது எல்லாமே அதிர்வைக் கேட்குங்க," என்றார் முதல் நாள். "கதை சொல்றவங்களுக்கே அடுத்தது என்னன்னு தெரியாதப்போ தொண்டையில ஒரு சின்ன நடுக்கம் வரும். அதுக்குத்தான் காளான் மொட்டு விடுது."

"குரலைப் பதிவு பண்ணிப் போட்டா ஆகாதுங்களா சார்?"

"போட்டுப் பார்த்தோம். பை முழுக்கப் பச்சைப் பூசணம் புடிச்சுப்போச்சு. ஒண்ணு மட்டும் ஞாபகம் வெச்சுக்கங்க. கதையை முடிச்சிராதீங்க. கதை முடிஞ்சா காளான் தன்னோட வேலையும் முடிஞ்சதுன்னு எடுத்துக்கும். குடை விரிஞ்சு பொடி கொட்டிப்போடும். அப்புறம் சந்தைக்கு ஆகாது."

"எனக்கு முடிவே வராதுங்க சார். பேச்சை இழுக்கத்தான் தெரியும்."

"அதுக்குத்தாங்க உங்களை எடுத்தது."

எரிந்து விழும் வாடிக்கையாளரைக்கூடப் போனை வைக்க விடாமல் பேசிப் பழகியவள் அவள். கொட்டகைக்குள் இருட்டாகவும் ஈரமாகவும் இருந்தது. வைக்கோல் திணித்த பைகள் உறிகளில் தொங்கின. பிளாஸ்டிக் ஸ்டூலில் உட்கார்ந்து வாய்க்கு வந்ததைச் சொல்ல ஆரம்பித்தாள். அந்த வாரமே மொட்டு விட்டது. அவள் உட்கார்ந்த பக்கம் மட்டும் அடர்ந்து விட்டதால், ஸ்டூலை அவ்வப்போது இடம் மாற்றிப் போடச் சொன்னார் வரதராஜுலு. பம்ப்செட் பட்டறையை விற்றுவிட்டு இந்தத் தொழிலுக்கு வந்தவர். காய்க்கிற மரத்தைக் கேள்வி கேட்கும் பழக்கம் அவருக்கு இல்லை.

ஆடி முடிந்த சமயத்தில் நஸ்ரியா மாரியாத்தாள் என்ற ஒருத்தியின் கதையைத் தொடங்கினாள். மாரியாத்தாள் காந்திபுரத்தில் பஸ் ஏறுகிறாள். முன் சீட்டில் உட்கார்ந்திருப்பவன் போட்டிருக்கும் நீலக் கட்டம் போட்ட சட்டை, செத்துப்போன தன் புருஷனுக்காக அவளே தைத்தது. அந்த இடத்தில் கதையை நிறுத்திவிட்டு நஸ்ரியா சாப்பிடப் போனாள்.

கொட்டகையைச் சுற்றிக் கட்டியிருந்த சாக்குகளை நனைப்பது வரதராஜுலுவின் மனைவி ராமாமணியின் வேலை. அன்று ஒரே சாக்கின்மேல் வெகுநேரம் தண்ணீர் பாய்ந்துகொண்டிருந்தது. மறுநாள் நஸ்ரியாவுக்கு டீயும் வர்க்கியும் கொண்டுவந்து கொடுத்தாள்.

"ஏன் கண்ணு, அந்தச் சட்டை அவன்கிட்ட எப்படிப் போச்சு?"

"தெரியலீங்கக்கா. இன்னும் யோசிக்கலை."

"நாளைக்குத் தெரியுமா?"

"தெரிஞ்சா காளான் வராதுங்களேக்கா."

ராமாமணி அதை ஒத்துக்கொண்டாள். ஆனால் கதை நகராமல் நகர்ந்தது. சட்டைக்காரன் மேட்டுப்பாளையத்தில் இறங்கினான். மாரியாத்தாளும் இறங்கினாள். அவன் உருளைக்கிழங்கு மண்டிக்குள் போனான். அவள் வாசலில் நின்றாள். அவன் வெளியே வருவதற்குள் நஸ்ரியா மூன்று கொட்டகைகளில் அறுவடை எடுத்துக் கொடுத்துவிட்டாள். ராமாமணி குழம்புக்கு இரண்டு தடவை உப்புப் போட்டாள். வரதராஜுலு மோர் ஊற்றிச் சாப்பிட்டார்.

உறவுக்காரர் வீட்டு நிக்காஹுக்காக நஸ்ரியா லீவு எடுத்த ஞாயிற்றுக்கிழமை காலையில், ராமாமணி ஹோஸ் பைப்பைக் கீழே போட்டுவிட்டுக் கொட்டகைக்குள் போனாள். ஸ்டூலில் உட்கார்ந்து கதையை முடித்தாள். அவளுக்கு அடுத்தது என்னவென்று நன்றாகத் தெரிந்திருந்தது. குரல் நடுங்கவே இல்லை. சொல்லி முடித்து எழுந்தபோது பைகளில் சின்னச் சலசலப்புக் கேட்டது. மொட்டுகள் எல்லாம் தட்டுத் தட்டாக விரிந்தன. அப்புறம் வெள்ளைப் பொடி கொட்ட ஆரம்பித்தது. இருமிக்கொண்டே கதவைத் தேடி வெளியே வந்தாள். தலையும் புடவையும் மாவு மில்லிலிருந்து வந்தவள் மாதிரி வெளுத்திருந்தன.

வரதராஜுலு உள்ளே எட்டிப் பார்த்துவிட்டு வந்தார்.

"நீயா?"

"நாந்தானுங்க. முடிச்சுப்போட்டேன்."

அவர் துண்டை எடுத்து அவள் தலையைத் தட்டிவிட்டார். யஷ்வந்துக்குப் போன் போட்டார். டாக்டர் முகக்கவசத்தோடு வந்து பொடியைக் கண்ணாடித் தட்டுகளில் சேகரித்தார். முழுக் கதையைக் கேட்ட காளான் அவருக்கு அதுவரை கிடைத்ததில்லையாம். யாரும் வருத்தப்பட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார். விரிந்த காளானை ஓட்டல்காரர்கள் வேண்டாம் என்றதால், வரதராஜுலு அதைத் தார்ப்பாயில் கொட்டிச் சூப்புப் பொடிக்குக் காயவைத்தார்.

திங்கட்கிழமை வந்து தார்ப்பாயைப் பார்த்ததும், தன் வேலை போய்விட்டது என்றே நஸ்ரியா நினைத்தாள். ராமாமணி அவளைக் கூட்டிப்போய்த் தார்ப்பாய் ஓரத்தில் உட்காரவைத்தாள்.

"உன்மேல தப்பில்ல அம்மணி. கதையை நாந்தான் முடிச்சேன்னு எங்க ஊட்டுக்காரருகிட்ட சொல்லிட்டேன். உன்னைய ஒண்ணு கேக்கணும். என்ற தம்பியைப் பத்தி உனக்கு யாராச்சும் சொன்னாங்களா?"

"இல்லீங்கக்கா. உங்களுக்குத் தம்பி இருக்காங்கன்னே தெரியாது."

"இருந்தான். சென்னகிருஷ்ணன். கொரோனாவுல போயிட்டான். மூஞ்சியைக்கூடக் காட்டலை. துணியெல்லாம் மூட்டை கட்டி ஒரு ஆசிரமத்துல குடுத்துப்போட்டேன். ஊட்டுல வெச்சுக்கப் பயம், அப்ப. நான் தெச்ச நீலக் கட்டச் சட்டை ஒண்ணும் அதுல போயிருச்சு. அதுலருந்து ரோட்டுல போற ஆம்பளைங்க சட்டையைத்தான் பாக்குறேன். மூஞ்சியைப் பாக்கறதில்லை."

நீலக் கட்டம் என்று சொன்னது அன்றைக்குத் தான் போட்டிருந்த துப்பட்டாவைப் பார்த்துத்தான் என்று சொல்ல வாயெடுத்த நஸ்ரியா அதை விட்டுவிட்டுக் கையில் கிடைத்த காளானைத் திருப்பிப் போட்டாள். ராமாமணியும் ஒன்றைத் திருப்பிப் போட்டாள். அப்படியே கொஞ்ச நேரம் இருவரும் வரிசையாகத் திருப்பிக்கொண்டே போனார்கள்.

"நீங்க எப்படிக்கா முடிச்சீங்க?"

"மண்டிக்கு வெளியில அவனை நிறுத்திக் கேட்டுப்போடறா. ஆசிரமத்துல குடுத்தாங்கன்னு சொல்றான். தனக்கே அளவெடுத்துத் தெச்ச மாதிரி இருந்துச்சாம், அதனால அதையே போட்டுட்டிருக்கானாம். காலர் பட்டன் தொங்குது. இவ பையில ஊசி நூல் வெச்சிருக்கா. தெச்சுக் குடுத்துப்போட்டுத் திரும்ப பஸ் ஏறிடறா."

"சட்டையைத் திருப்பிக் கேக்கலீங்களா?"

"அவன் எதைப் போட்டுட்டுப் போவான், பாவம்."

வரதராஜுலு சாக்கோடு வந்து காய்ந்ததை அள்ள ஆரம்பித்தார். அடுத்த கொட்டகையில் புதுப் பைகள் தொங்கவிட்டிருப்பதாகவும் பத்து மணிக்குள் கதை ஆரம்பித்தால் நல்லது என்றும் நஸ்ரியாவிடம் சொன்னார். விளைச்சல் ஓய்ந்து உரக்குழிக்குப் போகும் பைகளுக்கு வேண்டுமானால் முடிவு சொல்லலாம், அதை ராமாமணி பார்த்துக்கொள்ளட்டும் என்றார். யஷ்வந்தும் அதற்குச் சம்மதித்தாராம்.

நஸ்ரியா எழுந்து கையைத் தட்டிக்கொண்டாள். இரண்டடி போய்த் திரும்பினாள்.

"பஸ்ஸுல அழுதாங்களாக்கா?"

"இல்ல கண்ணு. ஜன்னல் சீட்டுக் கெடச்சுது. தூங்கிப்போட்டா."