நாலாவது சிப்

கீழே வருகிற ஒவ்வொரு வார்த்தையும் சத்தியம். கூட்டவில்லை, குறைக்கவில்லை. சந்தேகம் உள்ளவர்கள் லைன்மேனைக் கேட்டுக்கொள்ளலாம். அன்று பகல் முழுவதும் அவர் அந்த வீட்டு ஜன்னலுக்கு நேர் எதிரே கம்பத்தின் மேல்தான் இருந்தார்.

வீட்டுக்காரர் டிவி மெக்கானிக். தெருவில் அவருக்குக் கைக்குட்டை என்று பெயர். எந்த டிவியின் பின்மூடியைக் கழற்றினாலும் முதலில் மூக்கைப் பொத்திக்கொள்வார். பல்லி முட்டையைப் பார்த்துவிட்டால் அன்றைக்குச் சோறு இறங்காது. அப்பேர்ப்பட்டவர், மூடிப்போன விளையாட்டுக் கூடத்திலிருந்து பீரோ உயரத்துக்கு ஒரு பழைய ஆட்டப் பெட்டியை வாங்கி வந்து முன்னறையில் நிறுத்தினார்.

அது மற்ற வீடியோ கேம் மாதிரி இல்லை. உள்ளே லேசர் டிஸ்க் ஓடும். சாப்பாட்டுத் தட்டு அகலத்துக்கு வெள்ளித் தட்டு. அதில் கார்ட்டூன் படமாக ஒரு வீரன். சரியான நொடியில் கைப்பிடியைத் தள்ளினால் பிழைப்பான், பிசகினால் சாவான். எந்த நொடியில் எந்தக் காட்சிக்குத் தாவுவது என்று சொல்வது போர்டில் உள்ள நான்கு ரோம் சிப்புகள். பழைய சிப்புகள் மந்தம். தட்டில் வரைந்து வைத்திருந்த காட்சிகளில் பாதியை அவை வெளியே விடவே விடாது. யாரோ கெட்டிக்காரர் புதிதாக எழுதிய நான்கு சிப்புகளை மெக்கானிக் தபாலில் வரவழைத்திருந்தார். இளவட்டமாக இருந்தபோது அதே பெட்டியில், அதே சாக்கடைக் காட்சியில், நாற்பத்தேழு முறை செத்தவர் அவர். சாக்கடைக்கு அந்தப் பக்கம் என்ன இருக்கிறது என்று பார்க்காமல் போய்ச்சேர அவருக்கு மனமில்லை.

மனைவி கெடு வைத்துவிட்டாள்.

"நாலு மணிக்கு என் தம்பி வேனோட வர்றான். அதுக்குள்ள இது ஓடலைன்னா நேரா பழைய இரும்புக் கடைதான். நேத்து என் செருப்புக்குள்ள மூணு கரப்பான். மூணும் உங்க பெட்டி அனுப்புன விருந்தாளிங்க."

"இன்னிக்கு முடிச்சிடுறேன்."

"பத்து நாளா இன்னிக்குதான்."

பின்கதவைத் திறந்தார். வாடை முதலில் வந்தது, பெட்டி பிறகுதான் தெரிந்தது. இருபது வருடமாக ஆட்டக்காரர்கள் கொட்டிய குளிர்பானம் வழிந்து, தார் போல உறைந்து, அதில் தலைமுடியும் நகத்துண்டும் ஒட்டியிருந்தன. பாதி கடித்த மிட்டாய் ஒன்று கிடந்தது. கடித்தவரின் பல்லும் அதிலேயே இருந்தது. எலிக் குடும்பம் ஒன்று மூன்று தலைமுறையாக அங்கே வாழ்ந்திருக்கிறது. சுத்தமான குடும்பம்தான், கக்கூசுக்கென்று தனி இடம் ஒதுக்கியிருந்தது. அந்த இடம் போர்டு.

மெக்கானிக் மூன்று முறை கொல்லைப்பக்கம் ஓடி வாந்தியெடுத்தார். நான்காவது முறை எடுக்க உள்ளே ஒன்றும் இல்லாததால் வேலை தொடங்கியது. பழைய சிப்புகளை நெம்பினார். ஒவ்வொன்றும் அடியில் கரப்பான் முட்டைக்கூட்டோடு வந்தது. புதுச் சிப்புகளாவது பார்க்கச் சகிக்குமா என்றால், கறுப்பு உடம்பும் இரண்டு பக்கமும் வரிசையாகக் காலுமாக, அவையும் பூரான் குட்டி மாதிரியே இருந்தன. அவற்றை ஒரு டப்பா மூடியில் போட்டார். கைக்குட்டையை மூக்கிலிருந்து எடுத்துக் கண்ணில் கட்டிக்கொண்டார். முப்பது வருட அனுபவம் உள்ள கைக்குக் கண் எதற்கு?

தடவித் தடவி ஒன்று, இரண்டு, மூன்று மாட்டினார். நான்காவதைத் தொட்டார். இரண்டு பக்கமும் கால், ஒரு முனை உருண்டை. வைத்து அழுத்தினார். நறுக் என்றது. நன்றாக உட்கார்ந்துவிட்டது என்று திருப்தியோடு கதவை மூடிவிட்டு முன்பக்கம் வந்தார்.

படம் ஓடியது. வீரன் வந்தான். சாக்கடை வந்தது. மெக்கானிக் கைப்பிடியை முன்னால் தள்ளினார். வீரன் நின்றான். சாக்கடையைக் குனிந்து பார்த்தான். மூக்கைப் பிடித்துக்கொண்டான். மறுபடி தள்ளினார். வீரன் திரும்பி, நீ வேணா இறங்கு என்கிற மாதிரி அவரைப் பார்த்துவிட்டு, வந்த வழியே வீட்டுக்கு நடந்தான். வாசலில் பூட்ஸைக் கழற்றினான். முழங்கை வரை சோப்புப் போட்டுக் கழுவினான்.

துடைப்பத்தோடு வந்த மனைவி அப்படியே நின்றாள்.

"யாருங்க இது?"

"வீரன்."

"செருப்ப வெளியில விடுறான்."

"ம்."

"நகக்கண்ணெல்லாம் தேய்க்கிறான். இந்த வீட்டுல முப்பது வருஷத்துல நான் பாக்காத காட்சி." துடைப்பத்தைச் சுவரில் சாத்தினாள். "இவன் இருக்கட்டும்."

நாலு மணிக்குத் தம்பி நுழைந்தான். "எங்க மாமா அந்தப் பொணம்? மூக்குல பஞ்சு வெச்சிட்டே வந்துட்டேன்."

"சேத்துக் காலோட உள்ள வராதடா. அந்தப் பையனப் பாத்துக் கத்துக்க."

"எந்தப் பையன்?" என்று தம்பி திரையருகே போனான். வீரன் அவன் காலைப் பார்த்தான், முகத்தைச் சுளித்தான், கதவைச் சாத்திக்கொண்டான். வேன் காலியாகத் திரும்பியது.

கருவிகளை எடுத்து வைக்கும்போதுதான் மெக்கானிக் டப்பா மூடியைப் பார்த்தார். நாலாவது சிப் அதிலேயே கிடந்தது. பின்கதவைத் திறந்தார். நாலாவது சாக்கெட்டில் ஒரு கரப்பான் தன் ஆறு காலையும் துளைகளில் ஊன்றி உட்கார்ந்திருந்தது. இறக்கை ஒன்று நொறுங்கியிருந்தாலும் மீசை சுறுசுறுப்பாக ஆடியது. மெக்கானிக் மூக்கைப் பொத்திக்கொண்டு குறடை எடுத்தார். பிடுங்கிவிட்டு உண்மையான சிப்பை மாட்டினால் இன்றைக்கே சாக்கடையைத் தாண்டிவிடலாம். ஆனால் வீரன் கை கழுவ மாட்டான். வேன் மறுபடி வரும்.

கதவை மூடினார். நாற்பத்தெட்டாவது முறையும் அவர் சாக்கடையைத் தாண்டவில்லை. அன்றிலிருந்து தினமும் சாயங்காலம், கண்ணை இறுக மூடிக்கொண்டு, குறடால் ஒரு பிஸ்கட் துண்டை உள்ளே நீட்டுகிறார்.

"யாருக்குங்க அது?" என்று மனைவி ஒருநாள் கேட்டாள்.

"சர்வீஸ்," என்றார்.

லைன்மேன் அன்று கம்பத்தில் ஏறியது வயர் மாற்றுவதற்காக. காலை ஒன்பதிலிருந்து மாலை ஆறு வரை அந்தத் தெருவில் ஒரு வீட்டுக்கும் கரண்ட் இல்லை.