ரோசேலி அத்தையின் கை

இடது கையுறை எளிதாகக் கழன்றுவிட்டது. வலதுதான் வரமாட்டேன் என்றது. கெய்லா சவப்பெட்டியின்மேல் குனிந்து, சாமந்திப் பூக்களை ஒதுக்கிவிட்டு, அப்பாவின் விறைத்த விரல்களை ஒவ்வொன்றாகப் பிடித்து அந்த மஞ்சள் துணியை இழுத்தாள்.

"விடுடி. ஆசையாக் குடுத்தனுப்பியிருக்காங்க," என்றாள் அம்மா நெயூசா. நாற்காலியை விட்டு எழவில்லை. மடியில் காபிக் கோப்பை ஆறிக்கொண்டிருந்தது.

"யாரக் கேட்டு மாட்டினாங்க?"

"டிவிக்காரங்க சொன்னாங்களாம். பொட்டியில வைக்கிற ஆளு மாட்டிவிட்டுட்டான். அவன் என்ன செய்வான்?"

கடைசி விரலும் வெளியே வந்தது. கெய்லா கையுறைகளைச் சுருட்டி அம்மாவின் மடியில் போட்டாள். அப்பாவின் வலது கை வெறுமையாகக் கிடந்தது. நடுவிரலின் பக்கவாட்டில் பேனா அழுத்தி உண்டான காய்ப்பு. நகத்தின் ஓரத்தில், குளிப்பாட்டியும் போகாத கறுப்பு மை.

பிரேசிலில், ஒசாஸ்கு நகராட்சியின் இழவுக்கூடத்தில் மூன்றாம் அறை அது. வெளியே பிஸ்கட் தட்டைச் சுற்றி அக்கம்பக்கத்து ஆண்கள் நின்று கால்பந்தில் கொரிந்தியன்ஸ் அணி தோற்றதைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள். வழக்கமாக இவ்வளவு கூட்டம்தான் வரும். இன்றைக்கு ஊர் பாதி வந்திருந்தது. ரோசேலி அத்தை வருகிறாள் என்று யாரோ சொல்லிவிட்டார்கள்.

நாட்டில் முப்பது வயதைத் தாண்டிய யாருக்கும் ரோசேலி அத்தையைச் சொல்லித் தெரியவேண்டியதில்லை. காலையில் தொலைக்காட்சியில் பாடுவாள், ஆடுவாள், பிள்ளைகளுக்குப் படம் வரைந்து காட்டுவாள். மாதம் ஒரு காமிக்ஸ் புத்தகம். அதில் அவளே கதாநாயகி, மஞ்சள் கையுறை போட்டுக்கொண்டு திருடர்களைப் பிடிப்பாள். அட்டையில் 'எழுத்தும் படமும்: ரோசேலி அத்தை' என்று இருக்கும். கீழே அவளுடைய கையெழுத்து. கடைசி எழுத்து நீண்டு, பெயருக்கு அடியில் ஓடித் திரும்பி, மீனின் வாலாக முடியும்.

அத்தனையையும் சமையலறை மேசையில் வரைந்தவர் கெய்லாவின் அப்பா அன்செல்மோ. அந்தக் கையெழுத்தையும் சேர்த்து. 'மூக்கைச் சின்னதாக்கு' என்று ஒவ்வொரு மாதமும் அத்தையிடமிருந்து குறிப்பு வரும். இவர் சின்னதாக்குவார். பிறகு ரோசேலி நிஜமாகவே மூக்கை வெட்டித் திருத்திக்கொண்டபோது, "டாக்டரு என் பொஸ்தகத்தப் பாத்துத்தான் வெட்டிருக்கான்," என்று சிரித்தார்.

தொலைக்காட்சியில் வரைந்ததும் அவர்தான். பலகையில் அத்தை பேனாவை வைப்பாள். கேமரா கைக்கு நெருங்கும். அப்போது அது அன்செல்மோவின் கை, மஞ்சள் கையுறைக்குள். மணிக்கட்டில் அத்தையின் வளையல்கள். படப்பிடிப்பு நாட்களில் அம்மாவின் ரேசரை எடுத்து முழங்கைவரை மழித்துக்கொண்டு போவார்.

மூன்றாம் வகுப்பில் கெய்லா இதை வாய்விட்டுச் சொன்னாள். டிவில வரையிறது எங்கப்பா கை. "உங்கப்பா பொம்பளையா?" என்று வகுப்பே சிரித்தது. பொய் சொன்னதற்காக டீச்சர் எல்லோர் முன்னாலும் மன்னிப்புக் கேட்க வைத்தாள். வீட்டுக்கு வந்து அழுதபோது அப்பா மையைத் துடைத்துக்கொண்டே சொன்னார்: "என் கைதான்னு உனக்குத் தெரியும்ல? அது போதும்."

போதாது. அன்றும் போதவில்லை. அந்த வீட்டில் முதன்முதலாகக் கல்லூரிக்குப் போய், இரவு வகுப்பில் தூங்கி விழுந்து பட்டம் வாங்கிய பிறகும் போதவில்லை.

ஃபப்ரீசியு என்ற நிகழ்ச்சிப் பொறுப்பாளன் உள்ளே வந்தான். பின்னால் கேமராக்காரன், மைக் பிடிப்பவன், ஆளுயர மலர்வளையம். வளையத்தின் குறுக்கே ஊதா நாடா: 'எங்கள் மறக்க முடியாத வாசகர் அன்செல்மோவுக்கு. ரோசேலி அத்தை.'

கெய்லா இரண்டு முறை படித்தாள்.

"வாசகரா?"

"ரொம்பப் பாசமா எழுதியிருக்கோம், தங்கச்சி."

"அவரு வரைஞ்சவரு."

ஃபப்ரீசியு குரலைத் தணித்தான். "இங்க பாருங்க. பழைய புத்தகமெல்லாம் திரும்ப வருது. பெரிய பதிப்பு. அட்டையில என்ன இருக்குன்னு உங்களுக்கே தெரியும். அப்பா கையெழுத்துப் போட்டுக் குடுத்த ஒப்பந்தம். அவரே ஒருநாளும் வாயத் தொறக்கல. நல்ல மனுஷன்."

"நல்ல மனுஷன் செத்துட்டாரு. நான் இருக்கேன்."

"கெய்லா," என்றாள் அம்மா. "சண்ட போடாத. அந்தப் பொம்பள வந்து நின்னா உங்கப்பாவுக்கு மரியாததானே?"

"எந்த மரியாதம்மா? ரசிகன்னு சொல்லிப் பொதைக்கிறதா?"

அம்மா மடியிலிருந்த கையுறைகளை எடுத்துக் கைப்பையில் திணித்தாள்.

வாசலில் சலசலப்பு. ரோசேலி அத்தை கறுப்புக் கண்ணாடியோடு வந்தாள். திரையில் தெரிவதைவிடக் குள்ளம். வளர்ந்த ஆண்கள் பிஸ்கட்டைக் கையில் பிடித்தபடி "அத்தே! அத்தே!" என்று கூப்பிட்டார்கள். அவள் பழக்கத்தில் கையசைத்துவிட்டு, இடம் நினைவு வந்தவளாகக் கையை இறக்கினாள். அம்மாவைக் கட்டிப்பிடித்தாள். கேமராவின் சிவப்பு விளக்கு எரிந்தது.

"இவரு எம்மேல வச்ச பாசத்துக்கு," என்று தொலைக்காட்சிக் குரலில் தொடங்கினாள், "என் கையால ஒரு படம் வரைஞ்சு கொண்டுவந்திருக்கேன். இவரோடயே போகட்டும்."

உறையிலிருந்து தாளை எடுத்தாள். தொப்பியும் மஞ்சள் கையுறையும் போட்ட அத்தை வானத்தைப் பார்த்துக் கையசைக்கிறாள். கறுப்பு மைக்கோடுகளுக்கு அடியில் வெளிர்நீலப் பென்சில் கோடுகள் தெரிந்தன. அப்பா தொப்பியின் விளிம்பிலிருந்துதான் தொடங்குவார். தொப்பி சரியாக வந்தால் முகம் தானாக வந்து அதற்கடியில் உட்காரும் என்பார். பழைய பெட்டியிலிருந்து எடுத்திருக்கிறார்கள். அவர் வரைந்ததையே எடுத்துவந்து அவருக்குக் கொடுக்கிறார்கள்.

கெய்லா கத்தவில்லை. நாற்காலியில் கிடந்த இரங்கல் புத்தகத்திலிருந்து வெற்றுத் தாள் ஒன்றைக் கிழித்தாள். பேனாவோடு சேர்த்து நீட்டினாள்.

"இங்கயே ஒண்ணு வரைஞ்சு குடுங்க அத்தே. எல்லாரும் பாக்கட்டும்."

கூட்டத்துக்குப் பிடித்துப்போனது. "ஆமா, வரைங்க அத்தே!"

"இது நேரமில்ல..." என்று ஃபப்ரீசியு முன்னால் வந்தான்.

"சின்னதா போதும். தொப்பி மட்டும்."

ரோசேலி பேனாவை வாங்கிக்கொண்டாள். தாளின்மேல் அது அப்படியே நின்றது. கேமராக்காரன், அவன் தொழில் அது, கைக்கு நெருங்கினான். மோதிரங்கள், சிவப்பு நகங்கள், நகராத பேனா முனை. அறையில் பேச்சு ஒவ்வொன்றாக அடங்கியது. பின்வரிசையில் ஒரு பெண், "ஏன், என்னாச்சு?" என்று கேட்டு யாரிடமோ அதட்டு வாங்கினாள்.

ரோசேலி கெய்லாவின் பக்கம் சாய்ந்தாள். மைக்குக்கு எட்டாத குரல்.

"எனக்குக் கையெழுத்து மட்டுந்தான் வரும். அதுவும் உங்கப்பா பழக்கிவிட்டது."

"அத மைக்ல சொல்லுங்க."

கண்ணாடிக்குப் பின்னால் கண் எங்கே பார்த்தது என்று தெரியவில்லை. வாய் ஒருமுறை திறந்தது. பிறகு ஃபப்ரீசியுவைத் தேடியது முகம்.

"வெளிச்சம் பத்தல," என்றான் அவன். "நிறுத்துப்பா."

சிவப்பு விளக்கு அணைந்தது. பேனா தாளின்மேல் உருண்டது. கூட்டம் வழிவிட்டது; இம்முறை யாரும் "அத்தே" என்று கூப்பிடவில்லை. கொண்டுவந்த படத்தை அவள் மறந்துவிட்டுப் போனாள். கெய்லா அதை எடுத்து அப்பாவின் வலது கைக்கு அடியில் வைத்தாள். அவருடைய பொருள்.

பெட்டியை மூடும் நேரம் வந்தது. தூக்குவதற்கு ஆண்கள் கூடினார்கள். மலர்வளையத்தை எடுக்க ஒருவன் போனபோது அம்மா எழுந்தாள்.

"இருப்பா."

ஊதா நாடாவைப் பிடித்து ஒரே இழுப்பில் அறுத்தாள். அதைச் சுருட்டிக் காபிக் கோப்பைக்குள் அமுக்கினாள்.

"இப்ப எடுத்துக்க. பூ என்ன பாவம் பண்ணுச்சு."

பெட்டிகளை மாடம் மாடமாக வைத்து மூடும் கல்லறைச் சுவரில் மேலிருந்து இரண்டாவது அறை. பெட்டி உள்ளே போனது. புதைகுழிக்காரர் செங்கல் அடுக்கி, சிமென்ட் பூசி, கரண்டியால் வழித்துச் சமப்படுத்தினார். சலவைக்கல் வரும்வரை பெயரை ஈரச் சிமென்டில் ஆணியால் கீறிவைப்பது அங்கே வழக்கம். சட்டைப்பையிலிருந்து ஆணியை எடுத்தார்.

"பேரு சொல்லும்மா."

"நான் எழுதுறேன்."

"சீக்கிரம். வெயிலு அடிக்குது, இறுகிரும்."

கெய்லா ஆணியை வாங்கவில்லை. விரலாலேயே எழுதினாள். சிறு வயதில் எத்தனையோ புத்தக அட்டைகளின்மேல் விரல் வைத்து ஓட்டிப் பழகிய கோடு அது. அன்செல்மோ. கடைசி எழுத்தைத் தூக்காமல் கீழே இழுத்து, பெயருக்கு அடியில் ஓடவிட்டு, திருப்பி, மீன் வாலாக முடித்தாள்.

கரண்டியைத் துடைத்துக்கொண்டிருந்த புதைகுழிக்காரர் நிறுத்திவிட்டுத் தலையைச் சாய்த்துப் பார்த்தார். நாற்பது வயதிருக்கும்.

"இந்தக் கையெழுத்த எங்கயோ பாத்திருக்கேனே. சின்னப் பிள்ளைல..."

கெய்லா அவருக்கு வழிவிட்டு நகர்ந்தாள். அவர் சுவரைப் பார்த்தபடி நின்றார்.

அம்மா கைப்பையைத் திறந்தாள். மஞ்சள் கையுறை ஒன்றை எடுத்து, மகளின் விரலைப் பிடித்து, நக இடுக்கில் ஏறியிருந்த சிமென்டைத் துடைக்கத் தொடங்கினாள்.