எட்டு நிமிடத்துக்கு அப்புறம்

...இல்லை, மகளிடம் முதலில் நலம் விசாரிக்கக் கூடாது, விசாரித்தால் அவளும் திருப்பி விசாரிப்பாள், அதிலேயே ஒரு நிமிடம் போய்விடும், நேராக விஷயத்துக்கு வந்துவிட வேண்டும், அம்மா, இன்னும் பத்து நாளில் விடுதியைக் காலி பண்ணச் சொல்கிறார்கள், உன் வீட்டில் எனக்கு ஓர் இடம் இருக்குமா... சீ, இதென்ன தரகரிடம் பேசுகிற மாதிரி. நாற்காலிக் காலை உப்புத்தாளால் தேய்த்துக்கொண்டே அந்த வாக்கியத்தையும் அவர் காலையிலிருந்து தேய்த்துக்கொண்டிருந்தார், கால் வழவழப்பாகிவிட்டது, வாக்கியம்தான் கைக்கு அடங்கவில்லை. சிறையிலிருந்து வந்து ஐந்து மாதம் இருபது நாள். வெளியே வருகிறவர்களுக்கென்றே நடக்கிற விடுதி அது, ஆறு மாதம் கட்டில், சாப்பாடு, ஒரு வேலை, வியாழக்கிழமை தோறும் ஒரு வகுப்பு, ஆறு மாதம் முடிந்தால் கட்டில் அடுத்த ஆளுக்கு. நியாயம்தான், அவருக்கும் யாரோ எழுந்து போன கட்டில்தானே கிடைத்தது. இன்றைக்கு ஐந்து மணிக்குள் படிவத்தைக் கொடுக்க வேண்டும், 'அடுத்து தங்கப்போகும் இடம்' என்ற கட்டம் மட்டும் காலியாக இருக்கிறது, மகள் சரி என்றால் அவள் முகவரி, இல்லையென்றால் ஊருக்கு வெளியே நான்கு பேருக்கு ஓர் அறை, மறுபடியும் அடுக்குக் கட்டில், மறுபடியும் மேல்கட்டில்காரனின் குறட்டை.

மணி ஒன்று. பட்டறையில் இயந்திரங்கள் நின்றன, எல்லோரும் சாப்பாட்டு டப்பாவைத் திறந்தார்கள், அவர் திறந்தார், முடித்தார், மூடினார். "பாத்தீங்களா, எக்ஸ்பிரஸ் அண்ணன் அடுத்த ஸ்டேஷனுக்கே போயிட்டாரு, நாம இன்னும் டிக்கெட்டே வாங்கல" என்றான் வார்னிஷ் பூசுகிறவன். சிரித்தார்கள், அவரும் சிரித்தார். கிண்டலில் விஷம் கிடையாது, எங்கிருந்து வந்தார் என்று தெரிந்தவர்கள்தான், தெரிந்தும் உளியை அவர் கையில் கொடுக்கிறவர்கள். மெதுவாகச் சாப்பிட அவரும் முயன்று பார்த்திருக்கிறார், கை கேட்பதில்லை. கை மட்டுமா... போன வியாழக்கிழமை வகுப்பில் ஆலோசகர் அம்மா தன்னை மகளாக நினைத்துக்கொண்டு போனில் பேசிப் பார்க்கச் சொன்னாள், அவரும் வெற்றுக் கையைக் காதில் வைத்துக்கொண்டு மளமளவென்று பேசினார், முடித்தார், கையை இறக்கிவிட்டார். "சார், நான் இன்னும் பேசிட்டிருக்கேன், நீங்க வெச்சுட்டீங்க" என்றாள். வகுப்பே விழுந்து விழுந்து சிரித்தது. பின்வரிசையில் இருந்த ஒருவன் மட்டும் சிரிக்கவில்லை, அவன் பதினான்கு வருடம் உள்ளே இருந்தவன்.

உள்ளே வாரத்துக்கு ஒரு போன், எட்டு நிமிடம். ஏழாவது நிமிடத்தில் ஒரு சத்தம் வரும், எட்டாவதில் கத்தரித்துவிடும், சொல் பாதியில் இருந்தாலும் சரி, அழுகை பாதியில் இருந்தாலும் சரி. மகளுக்குப் பதினொரு வயதில் அவர் உள்ளே போனார். குடித்துவிட்டு ஒருவனைப் பிடித்துத் தள்ளினார், படியில் தலை மோதியது, அவன் எழுந்திருக்கவேயில்லை. அவனுக்கும் ஒரு வீடு இருந்தது, அந்த வீட்டில் இப்போது யார் எந்த இடத்தில் படுத்துக்கொள்கிறார்களோ... இதை நினைக்கும்போதெல்லாம் மகளிடம் இடம் கேட்கிற வாய் தானாக மூடிக்கொள்கிறது. அம்மா இல்லாத பெண்ணை அவருடைய அக்காதான் வளர்த்தாள். முதல் வருடம் ஒரு நாள், "அப்பா, அத்தைக்கு ராத்திரி..." என்று ஆரம்பித்தாள், போன் கத்தரித்துவிட்டது. ஏழு நாள். ராத்திரி என்ன, நெஞ்சுவலியா, விழுந்துவிட்டாளா, பிள்ளை தனியாக இருக்கிறதா, யாரிடம் கேட்பது, ஏழு நாளும் சோறு இறங்கவில்லை. அடுத்த வாரம் கேட்டால், அத்தைக்கு ராத்திரி ஷிப்ட் போட்டுவிட்டார்களாம், அவ்வளவுதான். வெறும் ஷிப்ட்! அன்றிலிருந்து அப்பாவும் மகளும் பேச்சுக்கு ஓர் ஒழுங்கு வைத்துக்கொண்டார்கள், முக்கியமானது முதலில், நல்ல செய்தி மட்டும், ஏழாவது நிமிடச் சத்தம் கேட்டதும் வைத்துவிட வேண்டும், கத்தரிக்கிற வரை காத்திருக்கக் கூடாது. சமர்த்துப் பெண், ஒரே வாரத்தில் கற்றுக்கொண்டாள். மதிப்பெண், காய்ச்சல், செருப்பு, அத்தை, வெச்சுடறேன்பா. கடைசியில் கல்யாணச் செய்தியும் இரண்டு நிமிடத்தில் முடிந்தது.

வெளியே வந்த பிறகு அவரிடம் சொந்தமாகப் போன் இருக்கிறது, நாள் முழுக்கப் பேசலாம், ஆனால் வாரம் ஒரு தடவைதான் பேசுகிறார். அவள் வீட்டுக்கு ஒரே ஒரு தடவை போனார், வாசலோடு மாப்பிள்ளை கையைப் பிடித்துக் குலுக்கினார், உள்ளே வாங்க மாமா என்றான், அவசர வேலை இருக்கிறது என்றார், என்ன அவசரம், எந்த வேலை... ஏழாவது நிமிடம் நெருங்கினாலே காதுக்குள் அந்தச் சத்தம் வந்துவிடுகிறது, கேட்க நினைத்ததைக் கேட்காமலே வைத்துவிடுகிறார். இன்றைக்கு அவளுக்கு வார விடுமுறை. இன்றைக்கு வைக்கக் கூடாது, என்ன ஆனாலும் வைக்கக் கூடாது. பலகை அடுக்குக்குப் பின்னால் போய் உட்கார்ந்தார், கைக்கடிகாரத்தைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டார், எண்ணை அழுத்தினார்.

எடுத்தாள். எடுத்ததும் அவளே ஆரம்பித்துவிட்டாள், "அப்பா, எனக்குக் காய்ச்சல் விட்டுடுச்சு, அவருக்கு ஷிப்ட் மாத்திட்டாங்க, இனி சாயங்காலமே வந்துடுவாரு, அத்தை கண்ணு டெஸ்ட் நல்லா வந்துருச்சு, குழாய் சரி பண்ணியாச்சு, நீங்க மாத்திரை போட்டுக்கிறீங்களா, முட்டி வலி எப்படி இருக்கு", இவர் ம் என்றார், போட்டுக்கிறேன் என்றார், பரவாயில்லம்மா என்றார், சொல்லுக்கும் சொல்லுக்கும் நடுவே ஓர் ஊசி நுழைகிற இடம் தேடினார், "ஒண்ணு கேக்கணும்மா" என்று வாயெடுப்பதற்குள், "சரிப்பா, நல்லா சாப்பிடுங்க, வெச்சுடறேன்" என்றாள். வைத்துவிட்டாள். அவர் வைக்கவில்லை, சத்தியமாக அவர் வைக்கவில்லை. திரையைப் பார்த்தார், ஏழு நிமிடம் பத்து நொடி. அவள் கடிகாரத்தைப் பார்த்திருக்க மாட்டாள், தேவையே இல்லை, அவளுக்குள்ளேயே அந்தச் சத்தம் கேட்கிறது. ஐயோ, இவளையும் உள்ளே வைத்துவிட்டேனா... எனக்குத் தண்டனை கொடுத்தார்கள், தாங்கிக்கொண்டேன், இந்தப் பிள்ளைக்கு யார் கொடுத்தது? அழுகை வந்தது, மரத்தூள் கண்ணில் விழுந்ததாக யாரும் நம்ப மாட்டார்கள் என்று தெரிந்தும் கண்ணைக் கசக்கிக்கொண்டார்.

சரி, போயிற்று, இனி அடுத்த வாரம்தான், படிவத்தில் ஊருக்கு வெளியே என்று எழுதிவிட வேண்டியதுதான்... அடுத்த வாரமா? எதற்கு அடுத்த வாரம்? கையில்தான் போன் இருக்கிறதே, மறுபடி அழுத்தினால் மறுபடி அடிக்குமே. இத்தனை மாதத்தில் இது எப்படித் தோன்றாமல் போயிற்று, வைத்த போனை அதே நாளில் திரும்பப் பண்ணலாம் என்று ஊரில் சின்னக் குழந்தைக்குக்கூடத் தெரியுமே. அழுத்தினார். முதல் மணியிலேயே எடுத்தாள், "அப்பா! என்னாச்சு? என்னப்பா ஆச்சு?" அவளுக்கும் அப்பாவிடமிருந்து இரண்டாவது போன் என்று ஒன்று வந்ததே இல்லை.

"ஒண்ணும் ஆகலம்மா. சும்மாதான்."

"சும்மாவா?"

"ம். சும்மா பேசலாம்னு."

அங்கே நாற்காலியை இழுக்கிற சத்தம் கேட்டது, உட்கார்ந்துவிட்டாள் போலிருக்கிறது. எந்த நாற்காலி, மரமா பிளாஸ்டிக்கா, அதன் கால் ஆடுமா, எந்த அறையில் கிடக்கிறது... கேட்க வேண்டிய வாக்கியம் நாக்கு நுனியில் இருந்தது, கேட்டால் சரி என்பாள், முக்கியமான விஷயத்துக்கு உடனே பதில் சொல்லிப் பழகிய பெண், யோசிக்க அவளுக்கு நேரமே இருந்ததில்லை. எட்டெட்டு நிமிடமாகப் பதினொரு வருடம், மனசுக்குள் கூட்டிப் பார்த்தார், மூன்று நாளும் கொஞ்ச நேரமும் வந்தது. மறுபடி கூட்டினார், அதேதான். மூன்று நாள் பழகின ஒரு பெண்ணிடமா வீட்டில் இடம் கேட்கப் போகிறோம்? படிவத்தில் ஊருக்கு வெளியே என்றே இருக்கட்டும்.

"அப்பா, சொல்லுங்கப்பா" என்றாள். மெதுவாகச் சொன்னாள். பட்டறையில் இயந்திரங்கள் ஓடத் தொடங்கின, வார்னிஷ்காரன் எட்டிப் பார்த்தான், இருக்கட்டும் என்று அவர் கையைக் காட்டினார். மகள் மெதுவாகப் பேசினால் குரல் இப்படித்தான் இருக்கும் என்று அவருக்குத் தெரியாது. வேறு யாரோ பேசுவது போல இருந்தது, பயமாகவும் இருந்தது, வைத்துவிடத் தோன்றவில்லை.