மாலையில் சவரம் இல்லை

அந்தப் பெண் முதன்முதலாக ஸ்கேட்போர்டிலிருந்து விழுந்தபோது தோல் உரிந்தது அவளுடைய அப்பாவின் முட்டியில். அவர் அப்போது இரண்டு தெரு தள்ளித் தன் சலூனில் ஒரு குமாஸ்தாவுக்குக் கிருதா ஒதுக்கிக்கொண்டிருந்தார். விழுந்தவள் தூசியைத் தட்டிவிட்டு மறுபடி பலகைமேல் ஏறிவிட்டாள், உடம்பில் ஒரு கீறல் இல்லை. சலூன்காரர்தான் ஒற்றைக் காலில் குதித்தார். குமாஸ்தாவின் இடது கிருதா அன்றைக்குக் காதுக்கு மேலேயே நின்றுபோனது.

அதன்பிறகு இதுவே வாடிக்கையாகிவிட்டது. மூடிக் கிடந்த திரையரங்கின் வாகன நிறுத்துமிடத்தில் அவள் பலகையைக் காலடியில் சுழற்றப் பழகிய வருடம் அவருக்குக் கணுக்கால் இரண்டும் வீங்கின. படிக்கட்டின் கைப்பிடிக் கம்பிமேல் சறுக்கப் பழகிய வருடம் இடுப்பு போயிற்று. மருத்துவமனையில் நர்ஸாக இருந்த மனைவிக்குக் கட்டுப் போட்டே கை சலித்தது. "வாசப்படி தடுக்கினா முதுகுல எப்படிங்க அடிபடும்?" என்று ஒருநாள் மடக்கினாள். அவர் உண்மையைச் சொன்னார். அவள், "பொண்ணுக்குத் தெரிய வேணாம்" என்று சொல்லிவிட்டுப் பஞ்சை எடுத்தாள். தெரிந்தால் பிள்ளை பலகையை மூட்டை கட்டிவிடுவாள் என்பதுதான் இரண்டு பேருக்கும் பயம்.

பள்ளிக்கூடம் விட்டு வந்துதான் அவள் பழகுவாள். ஆகவே கடைக் கண்ணாடியில் 'மாலையில் சவரம் இல்லை' என்று எழுதி ஒட்டினார். வாடிக்கையாளரின் தொண்டையில் கத்தி இருக்கும்போது மகள் விழுந்துவைத்தால் கதை போலீஸ் ஸ்டேஷனில் போய் முடியும் அல்லவா? சாயங்காலங்களில் கத்திரிக்கோல் மட்டும்தான். காத்திருப்பவர்களும் பழகிக்கொண்டார்கள். அவர் தடுமாறினால், "பாப்பா ஏதோ புதுசா டிரை பண்ணுதுபோல" என்று பேப்பரைத் திருப்புவார்கள். ஊருக்கே தெரிந்தது அவளுக்கு மட்டும் தெரியாது. வீட்டு ரகசியம் என்றால் அப்படித்தான்.

பள்ளிப் படிப்பு முடிந்த கையோடு ஒரு பலகைக் கம்பெனி அவளை ஒப்பந்தம் செய்துகொண்டது. ஒரு தடவை விழுந்து ஒரு மாதம் படுத்துக் கிடந்தவர்கள் மத்தியில் இவள் விழுந்த அன்றைக்கே மறுபடி மறுபடி விழுந்து பழகினாள். வர்ணனையாளர்கள் அவளுக்கு 'ரப்பர்' என்று பட்டப்பெயர் வைத்தார்கள். ஊர் ஊராகப் போனாள், கோப்பைகள் வந்தன. வீட்டு அலமாரியில் ஒரு தட்டில் கோப்பைகள், கீழ்த் தட்டில் கட்டுத் துணியும் களிம்பும்.

ஒருநாள் சொல்லாமல் கொள்ளாமல் ஊருக்கு வந்தவள் பலகையிலேயே சலூன் வாசல்வரை வந்தாள். சாக்கடை மூடியில் சக்கரம் மாட்டிக் குப்புற விழுந்தாள். சிரித்துக்கொண்டே எழுந்து கண்ணாடி வழியாகப் பார்த்தால் அப்பாவின் நெற்றி பிளந்து ரத்தம் வழிகிறது. அவர் துளியும் பதறாமல் இழுப்பறையைத் திறந்து பஞ்சை எடுக்கிறார். அந்தப் பதறாமைதான் காட்டிக்கொடுத்தது. பலகையைக் கையில் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு நடந்தே போனாள்.

அந்தப் போட்டிப் பருவம் முழுக்க அவள் விழவே இல்லை. தெரிந்த வித்தைகளை மட்டும் பத்திரமாகச் செய்தாள், கடைசி இடங்களில் வந்தாள். அடுத்த இறுதிப் போட்டியிலும் இப்படியே இருந்தால் ஒப்பந்தம் அவ்வளவுதான் என்று கம்பெனி நாசூக்காகச் சொல்லியது. இங்கே சலூன்காரரின் காயங்கள் ஆறித் தழும்பாகி, தழும்பும் மங்கியது. உடம்பு பூரணமாகக் குணமானதைப் பார்த்து அவருக்குச் சோறு இறங்கவில்லை. போனை எடுத்தார்.

"என்னம்மா, எனக்கு எங்கயுமே வலிக்க மாட்டேங்குது?"

மறுமுனையில் அழுகை. "ஏம்பா என்கிட்ட சொல்லல?"

"சொன்னா விழுந்திருப்பியா?"

"உங்கள அடிச்சு நான் ஜெயிக்கணுமாப்பா?"

"அடி விழுந்தா, பாப்பா ஏதோ முயற்சி பண்றான்னு தெரியும். உன்கிட்டேர்ந்து எனக்கு வர்ற சேதி அது ஒண்ணுதான். இப்ப அதுவும் இல்ல. உன் பழைய ஹெல்மெட் எனக்குச் சரியா இருக்கு. நீ போய் விழு."

மறுநாளே அவருக்குத் தோள் வீங்கியது. அன்றைக்கு நிம்மதியாகச் சாப்பிட்டார்.

இறுதிப் போட்டியன்று சலூன் டிவி முன்னால் கூட்டம். சீக்கிரமே ஆரம்பித்துவிட்டதால் ஒருவர் பாதி வெட்டிய தலையோடு உட்கார்ந்திருந்தார். சலூன்காரர் தலையில் ஹெல்மெட்டும் முட்டிகளில் காப்பும் மாட்டி, கழுத்தில் துணியும் கட்டிக்கொண்டு தன் சுழல் நாற்காலியில் அமர்ந்தார். சுற்றிலும் மெத்தை போட்டிருந்தார்கள். பலகையை இரண்டு சுற்று சுழற்றிக் கம்பிமேல் இறங்க வேண்டும், இதுவரை எவரும் செய்யாத வித்தை. முதல் முயற்சியில் மகள் அங்கே விழுந்தாள், அப்பா இங்கே மெத்தையில் உருண்டார். இரண்டாவதில் உதடு கிழிந்தது.

"இன்னொண்ணு தாங்குவீங்களா?" என்றாள் மனைவி, பஞ்சை அழுத்திக்கொண்டே.

"ரெண்டுகூடத் தாங்குவேன். அவ தாங்கணும்."

திரையில் மகள் காயமில்லாத தன் முட்டியை ஒருமுறை தடவிப் பார்த்துவிட்டுப் படியேறினாள். சலூன்காரர் கண்ணை இறுக மூடிக்கொண்டார். பலகை இரண்டு சுற்று சுழன்று கம்பியில் பதிந்தது, சறுக்கியது, தரையில் நேராக நின்றது. அடி வரவில்லை. அதற்குப் பதில் அவர் நாற்காலியிலிருந்து துணியோடு மெல்ல மேலே எழும்பினார். பாதித் தலைக்காரர் எழுந்து போய்க் கூரை ஃபேனை நிறுத்தினார்.

"அடி மட்டும்தான் வரும்னு நெனச்சிருந்தேன்" என்று மனைவி அண்ணாந்து பார்த்துச் சொன்னாள். பஞ்சை டப்பாவில் வைத்து மூடிவிட்டு அழுதாள், சிரித்தாள்.

கம்பெனி இப்போது மகளுக்கு இரண்டு செட் காப்பு அனுப்புகிறது, ஒன்று ஆண்கள் அளவில். சலூனில் கூரை ஃபேனைக் கழற்றிவிட்டு மேசை ஃபேன் வைத்திருக்கிறார்கள். போட்டி நாளில் ஊருக்குப் புதியவர் யாராவது வந்து கடைக்காரர் எங்கே என்று விசாரித்தால், உட்கார்ந்திருப்பவர்கள் பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமலே பதில் சொல்வார்கள்: "மேல இருக்கார். உக்காருங்க, இறங்கினதும் வெட்டுவார்."