தபித்தாளின் முதுகு

தபித்தாள் மறுபடியும் அந்த மேட்டில் ஏறினாள். காலையிலிருந்து இதே வேலைதான். எழுபதைத் தாண்டிய பொம்பளையைத் தேயிலைக்காட்டில் மேலும் கீழும் நடக்கவிடுகிறாரே, இந்த ஆளுக்கு அக்கா தங்கச்சி யாரும் கிடையாதா என்று அவளுக்கு வயிறெரிந்தது.

அந்த ஆள் பெர்த்ரான். பழைய சினிமாக்களைப் பற்றி டிவிக்குப் படம் தயாரிக்கிற பிரெஞ்சுக்காரர். அந்தக் காலத்தில் இந்த எஸ்டேட்டில் எடுத்த ஒரு பாட்டைத் தேடிக்கொண்டு குன்னூருக்கு வந்திருந்தார். அட்டைக்குப் பயந்து கதாநாயகி செடிக்குள் கால் வைக்க மாட்டேன் என்றுவிட, கொழுந்து பறித்துக்கொண்டிருந்த தபித்தாளுக்கு அந்தக் கதாநாயகியின் சேலையைக் கட்டி நடக்கவிட்ட பாட்டு. படத்தில் வந்தது தபித்தாளின் முதுகு மட்டும். வளைவில் திரும்பிப் பார்க்கும் முகம் கதாநாயகியுடையது. அந்த நடையைத் தபித்தாளை வைத்தே மறுபடி எடுத்துக்கொண்டிருந்தார் பெர்த்ரான்.

படம் கொட்டகைக்கு வந்தபோது எஸ்டேட் லயத்து வீடுகளின் ஜனத்தையெல்லாம் கூட்டிப்போய், "அது நாந்தான்" என்று காட்டினாள். ஒருவரும் நம்பவில்லை. ஓரகத்தி, புருஷனின் அண்ணன் பெண்டாட்டி சின்னம்மை அன்றைக்குச் சிரிக்க ஆரம்பித்தவள்தான், இன்னும் நிறுத்தவில்லை. "முதுகு ஸ்டாரு" என்றுதான் இன்றுவரை கூப்பிடுகிறாள். இந்தத் தடவை முகம் வரும், வந்து பார் என்று தபித்தாளே அவளை அழைத்து வந்து பாதையோரக் கல்லில் உட்கார வைத்திருந்தாள்.

வந்து பார்த்தால் இந்த மகராசனுக்கும் முதுகுதான் வேண்டுமாம்!

"ஏம்மா ரேகா, கேமராவ எனக்கு முன்னால வெக்கச் சொல்லு கண்ணு," என்றாள், மொழிபெயர்க்க வந்த பெண்ணிடம்.

ரேகா போய்க் கேட்டுவிட்டு வந்தாள். "அந்த முதுகுலதான் எல்லா அழகும் இருக்குதுன்னு சொல்றாருங்க. மொகம் தெரிஞ்சா மர்மம் போயிருமாமுங்க."

"மர்மமாவது மண்ணாங்கட்டியாவது! பவுடர முதுகுலயா பூசிட்டு வந்தேன்?"

சின்னம்மை சிரித்த சிரிப்பில் கல்லிலிருந்து விழப்போனாள்.

பெர்த்ரான் கையை உயர்த்தினார். தபித்தாள் நடந்தாள். காலில் அட்டை ஏறியது தெரிந்தும் குனியவில்லை. வளைவு வந்ததும் நின்று, கேமராவைப் பார்த்துத் திரும்பினாள்.

"ஐயோ, திரும்பாதீங்க!" ரேகா கத்தினாள். பெர்த்ரான் இரண்டு கையையும் ஆட்டிக்கொண்டு ஓடி வந்தார்.

"எம்பேரு தபித்தாள்," என்றாள் அவள். கண்ணில் நீர் கோத்துக்கொண்டது. "அன்னைக்கு நடந்ததும் நாந்தான், இன்னைக்கு நடக்கறதும் நாந்தான். மொகத்தோட புடிக்கறதுன்னா புடிக்கச் சொல்லு. இல்லீன்னா நான் ஊட்டுக்குப் போறேன்."

பெர்த்ரான் திரும்பிப் போய், எடுத்ததைச் சின்னத் திரையில் போட்டுப் பார்த்தார். வெயிலுக்குக் கையால் மறைத்துக்கொண்டு இன்னொரு தரமும் பார்த்தார். பிறகு ரேகாவைக் கூப்பிட்டு ஏதோ சொன்னார்.

"இன்னொரு வாட்டி நடக்கச் சொல்றாருங்க," ரேகா பயந்துகொண்டே சொன்னாள். "மொகத்தோடங்க."

தபித்தாள் மேட்டைப் பார்த்து நடந்தாள். கல்லருகே வந்ததும் நின்றாள்.

"பவுடர் கலைஞ்சிருச்சா பாருக்கா."

சின்னம்மைக்குச் சிரிப்பு வரவில்லை. முந்தானை நுனியை எடுத்து, அந்த முகத்தைத் துடைத்துவிட்டாள்.