நெத்திலி காயும் கரை

சுனாமிக்குப் பிறகு பக்கிரி பயந்துபோய்க் கடல் பக்கமே போவதில்லை. கட்டுமரத்தை மைத்துனனிடம் விட்டுவிட்டுக் கட்டட வேலைக்குப் போய்க்கொண்டிருந்தான். ‘கரையை விட்டு வாருங்கள், ஊருக்கு வெளியே கான்கிரீட் வீடு தருகிறோம்’ என்று அதிகாரிகள் வந்து சொன்னபோது, குருசுக்குப்பத்தில் முதலில் சரியென்றவன் அவன்தான். அவன் மனைவி தனக்கொடிக்கு மனசு ஒப்பவில்லை.

“அங்க போயி இன்னா செய்வேன்? கருவாட்ட மொட்டமாடியிலயா காயப்போடுவேன்?”

“உசுரோட இருக்கலாம், தனம்.”

அலை வந்த அன்று மகளைத் தலைமுடியைப் பிடித்து இழுத்துக் கரைசேர்த்தவன் அவன்.

மறுவருஷக் கோடையில், கடல் அரித்தது போக மிஞ்சியிருந்த மணலைச் சுற்றி ஓர் ஓட்டல்காரர் முள்கம்பி வேலி போட்டார். பிரெஞ்சுக்காரர் காலத்துப் பத்திரம் தன்னிடம் இருப்பதாகச் சொன்னார். குப்பத்தாரிடம் பத்திரம் எதுவும் கிடையாது. வலை உலர்த்தவும் மீன் காயவைக்கவும் அங்கே யாரும் யாரையும் கேட்டதில்லை.

தாசில்தார் வேலியைப் பார்வையிட வருவதாகச் சொன்ன காலையில் ஆண்கள் கோயிலடியில் கூடி, யார் பேசுவது என்று யோசித்துக்கொண்டிருந்தார்கள். தனக்கொடி பக்கத்து வீட்டு ஆயம்மாவைக் கூப்பிட்டாள்.

“அக்கா, நெத்திலி நெறைய வந்திருக்கு. எப்பவும் போடற எடத்துலயே போடுவோம், வா.”

கூடையை முன்னால் தள்ளிவிட்டுக் கம்பிக்கு அடியில் குனிந்து நுழைந்தாள். ஆயம்மாவின் சேலை கிழிந்தது. திட்டிக்கொண்டே அவளும் வந்தாள். மற்றப் பெண்களும் வந்தார்கள்.

தாசில்தார் ஜீப்பை விட்டு இறங்கியபோது கால் வைக்க இடமில்லாமல் மணலெங்கும் மீன் கிடந்தது.

“யாரக் கேட்டும்மா உள்ள வந்தீங்க?”

“தெனம் வர்றதுதான் சார்,” என்றாள் தனக்கொடி. “அவரு பத்திரம் எழுதுன காலத்துலயும் எங்க ஆளுங்க இங்கதான் காயப்போட்டாங்க. எங்கள யாரும் கேக்கல.”

விஷயம் கேள்விப்பட்டு, மேலெல்லாம் சிமெண்டோடு பக்கிரி ஓடிவந்து வேலிக்கு வெளியே நின்றான். தாசில்தாருக்கு அவனை அடையாளம் தெரிந்தது.

“நீதானே வீடு வேணும்னு கேட்ட?”

“வேணும் சார். கடலப் பார்த்தா எனக்கு பயம். அதுக்காவ கரைய வுட்டுட்டோம்னு எழுதிக்காதீங்க.”

சொல்லிவிட்டுக் கம்பிக்கு அடியில் நுழைந்து அவள் பக்கத்தில் வந்து நின்றான். சுனாமிக்குப் பிறகு அந்த மணலில் அவன் கால் பட்டது அன்றுதான். தனக்கொடி அவன் கையைப் பிடித்துக்கொண்டாள்.

வழக்கு கோர்ட்டுக்குப் போனது. தீர்ப்பு வரும்வரை கடற்பக்கத்து வேலியை எடுத்துவிடச் சொன்னார்கள். பாதி மணல் திரும்பக் கிடைத்தது. ஊருக்கு வெளியே வீடும் கிடைத்தது. தனக்கொடி இப்போது தினமும் காலை அங்கிருந்து பஸ் ஏறிக் கரைக்கு வருகிறாள். மீன்கூடையைப் பார்த்து முகம் சுளிக்கும் கண்டக்டர் ஒருநாள், அவள் ஏறும்போது, “எந்த ஊரும்மா நீ?” என்று கேட்டார்.

“குருசுக்குப்பம்,” என்றாள் அவள். “ராத்திரிக்குப் படுக்கத்தான் இங்க வர்றோம்.”