பூசைக்கு மறுநாள்

...பதினோரு நாள், வெறும் பதினோரு நாள் பிந்திவிட்டதாம், அதற்காக நீதிபதி என் படகின் பதிவேட்டைத் திறந்துகூடப் பார்க்கவில்லை, மேசைமேல்தான் கிடந்தது, புயலடித்த ஒவ்வொரு நாளும், துறைமுகத்தை மூடிய ஒவ்வொரு மணியும் அதில் இருந்தது, காரணமில்லாமல் படகை நிறுத்தினேன் என்று ஒப்பந்தம் தந்த அரசுத் துறை எழுதியது பச்சைப் பொய் என்று ஒரு பக்கத்தைப் புரட்டினால் தெரிந்திருக்கும், புரட்ட இரண்டு விரல் போதாதா? ஒப்பந்தம் ரத்தானால் மூன்று மாதத்துக்குள் நீதிமன்றத்துக்கு வந்திருக்க வேண்டும், தாமதத்துக்குத் தக்க காரணம் இல்லை, தள்ளுபடி... இருபத்திரண்டு வருடம் கார்வ் தீவுக்கு நான் ஓட்டிய படகு அந்த ஒரு சொல்லில் போயிற்று. நெசாதான் காரை ஓட்டுகிறாள், டப்ளின் நீதிமன்றத்தைவிட்டுக் கிளம்பியதிலிருந்து என் பக்கம் திரும்பவே இல்லை, கட்டியவள் ஏசினால் பதிலுக்கு ஏசலாம், இப்படி இருந்தால் என்ன செய்வது? பாதி வழி, அத்லோன் ஊர் தாண்டியாயிற்று, மழை வேறு.

தக்க காரணம் இல்லையாம். சாவு காரணமில்லையா? ரத்துக் கடிதத்தில் கையெழுத்துப் போட்ட அதிகாரி காத்தல் எங்கள் தீவுக்காரன், கடிதம் வந்த இரண்டாம் மாதம் அவன் அம்மா போய்ச் சேர்ந்தாள், துக்க வீட்டுக்காரனுக்கு வழக்குக் காகிதம் அனுப்புகிறவனை எங்கள் பக்கம் யார் மதிப்பார்கள்? வக்கீல் டெர்வ்லா தலையில் அடித்துக்கொண்டாள், "பெஸ்டி, வழக்கு துறைமேல, அவன்மேல இல்ல, நாள் ஓடுது!" செத்தவளுக்கு முப்பதாம் நாள் பூசை முடியட்டும் என்றேன். கிழவியின் சவப்பெட்டி தீவுக்குப் போனது என் படகில், தூக்கியதில் என் தோளும் ஒன்று. பூசை முடிந்து கோயில் வாசலில் காத்தல் என் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, "உன்ன மறப்பேனா பெஸ்டி? உக்காந்து பேசுவோம்" என்றான், கண்கூடக் கலங்கியது, படுபாவி, அதே கைதான் மனு காலம் கடந்தது என்று துறையின் பதிலில் கையெழுத்துப் போட்டது, விளங்குமா அந்தக் கை?

"ஒண்ணு கேக்கவா?" என்கிறாள் நெசா, சாலையைப் பார்த்தபடியே. "பூசைக்கு மறுநாளும் கெடு இருந்துச்சு. டெர்வ்லா காலையிலயே போன் பண்ணா. ஏன் போகல?"

"அதான் பேசுவோம்னு சொன்னானே."

"அப்ப செத்தவங்களுக்காக நீ காத்திருக்கல."

"வாய மூடிட்டு ஓட்டு!" கத்திவிட்டேன், கண்ணாடி அதிர்ந்திருக்கும். இவளுக்கு என்ன தெரியும், கிழவியைக் கொண்டுபோன அன்று அலை எப்படி இருந்தது தெரியுமா, பெட்டி நகராமல் மூன்று கயிறு கட்டினேன், காத்தல் அதன்மேல் நெற்றியை வைத்து அழுதுகொண்டிருந்தான், எல்லாரும் ஜெபமாலை சொன்னார்கள், நானும் சொன்னேன்... சொன்னேனா? சுக்கானைப் பிடித்துக்கொண்டு அவன் முதுகையே பார்த்தபடி நின்றேனே, உதடு அசைந்தது, ஆனால் உள்ளே ஓடியது வேறு, இனிமேல் ஒப்பந்தம் எனக்கு இல்லை என்று இவனால் சொல்ல முடியாது, இல்லையா, அம்மாவையே கொண்டுவந்து சேர்த்தவனிடம் எப்படிச் சொல்வான்...